சுண்ணாம்பு அடித்த சுவர்: ஒரு தயாரிப்பு வடிவமைப்பாளரும் ஒரு லயமும்

படப்பிடிப்பு தொடங்க 11 நாள் இருந்தது. கோலாலம்பூரிலிருந்து வந்திருந்த நான்கு பெயிண்டர்கள் மூன்று நாள் பாடுபட்டு, நாங்கள் கட்டிய தோட்டத்து லயத்தின் (தொழிலாளர் வரிசை வீட்டின்) முன்சுவருக்கு வயது ஏற்றி முடித்திருந்தார்கள். பழுப்பு, கறுப்பு, கொஞ்சம் பாசிப் பச்சை. ஸ்பாஞ்சால் ஒற்றி, டீத்தண்ணீர் தெளித்து, மூலைகளில் கரியைத் தேய்த்திருந்தார்கள். போட்டோ எடுத்துப் பார்த்தால் ஐம்பது வருடப் பழைய வீடு.

எங்கள் தயாரிப்பு வடிவமைப்பாளரான அக்கா வந்து பார்த்தார். கிட்டே போய் ஒரு தடவை, பெரட்டுக்களம் (காலையில் வேலையாட்களைக் கூட்டிப் பெயர் கூப்பிடும் களம்) போட்டிருந்த இடத்தில் நின்று ஒரு தடவை. அப்புறம் பெரிய பெயிண்டரைக் கூப்பிட்டு மெதுவாகச் சொன்னார்: "முழுசையும் சுரண்டிடுங்க தம்பி. இந்த வீட்டுல எங்கம்மா இருந்திருக்க மாட்டாங்க."

நான் அப்போது அவருடைய உதவியாளன். அந்தச் சுவரும், அதைச் சுரண்டச் சொல்லும் துணிவு அவருக்கு எங்கிருந்து வந்தது என்பதும்தான் இந்த ஆய்வு. அவர் பெயரையும் படத்தின் பெயரையும் தயாரிப்பு நிறுவனத்தின் பெயரையும் எழுதவில்லை. அது அவர் கேட்டுக்கொண்டது. குழுவில் எல்லாரும் அவரை அக்கா என்றுதான் கூப்பிட்டோம், இங்கேயும் அப்படியே இருக்கட்டும்.

சுங்கை சிப்புட்டிலிருந்து

ஈப்போவுக்கு வடக்கே, கோலகங்சார் மாவட்டத்தில் இருக்கிறது சுங்கை சிப்புட். 1877இல் நட்ட ரப்பர் கன்றுகளில் ஒன்று கோலகங்சாரில் இன்றும் மரமாக நிற்கிறது. அங்கே தொடங்கிய பால்மரம்தான் இந்தப் பக்கத்துத் தமிழர் வாழ்க்கையையே அமைத்தது. மலேசிய இந்தியர் காங்கிரஸ் தலைவராகவும் அமைச்சராகவும் இருந்த துன் சம்பந்தன் பிறந்த ஊர் இது. 1948 ஜூன் 16ஆம் தேதி இங்குள்ள தோட்டங்களில் மூன்று வெள்ளைக்காரத் துரைகள் சுட்டுக் கொல்லப்பட்டதை ஒட்டித்தான் மலாயாவில் அவசரகாலம் அறிவிக்கப்பட்டது. ஆனால் தோட்டத்தில் பிறந்தவர்களிடம் கேட்டால் வரலாற்றைச் சொல்ல மாட்டார்கள். சம்பளம் வாங்கிய மறுநாள் டவுனுக்கு வந்தது, அஞ்சடியில் (கடைகளின் முன் நடைபாதையில்) நடந்தது, துணிக்கடையில் பேரம் பேசியது, இதைத்தான் சொல்வார்கள்.

அக்கா அப்படி ஒரு தோட்டத்து லயத்தில் பிறந்தவர். அப்பா அம்மா இருவருக்கும் பால்வெட்டு. தமிழ்ப்பள்ளி முடித்து, இடைநிலைப்பள்ளி முடித்து, கலைக் கல்லூரி என்று எதற்கும் போகவில்லை. மாரியம்மன் கோயில் திருவிழாவுக்கு நாடக மேடையின் திரை வரைவார். தைப்பூசத்துக்கு மாமா காவடி கட்டும்போது கூட உட்கார்ந்து, காகித அட்டையில் வளைவு வெட்டிக் கொடுப்பார். பிறகு டவுனில் ஒரு சீனத் தவுக்கேயின் (முதலாளியின்) சைன்போர்டு கடையில் ஆறு வருடம் வேலை.

அவருடைய உண்மையான படிப்பு அந்தக் கடையில்தான் நடந்தது என்பது என் எண்ணம். மூன்று மொழி எழுத்துகளையும் கையால் எழுதப் பழகினார். அதைவிட முக்கியமாக, எழுதிய பலகைகள் வெயிலில் என்ன ஆகின்றன என்பதைத் தினமும் ரோட்டில் பார்த்தார். சிவப்புதான் முதலில் வெளிறும். கறுப்பும் நீலமும் நின்று பிடிக்கும். மழை பலகையின் மேல் விளிம்பை அல்ல, கீழ் விளிம்பைத்தான் தின்னும், ஏனென்றால் தண்ணீர் வடிந்து நிற்பது அங்கேதான். இதை ஒரு செட்டில் யாராவது தப்பாகச் செய்தால் அவருக்கு உடனே கண்ணில் படும்.

அங்கிருந்து தொலைக்காட்சி நாடகங்களுக்கு வந்தார். மலேசியத் தமிழ் நாடகத் தயாரிப்புகளில் 'ஆர்ட்' என்றால் அந்தக் காலத்தில் மேசை நாற்காலி தூக்குவது, பூச்சாடி வைப்பது, யாராவது வீட்டிலிருந்து சாமி படம் இரவல் வாங்கி வருவது. மற்ற செலவெல்லாம் போக மிஞ்சியதுதான் ஆர்ட்டுக்கு. திரையில் 'கலை உதவி' என்று ஒரு நொடி பெயர் வரும், சில சமயம் வராது. இப்படிப் பல வருடம் ஓடியது, அதைப் பற்றி நீட்டிச் சொல்ல ஒன்றுமில்லை.

மாற்றம் வந்தது, மலேசியாவுக்குப் படம் எடுக்க வந்த ஒரு வெளிநாட்டுக் குழுவில் வர்ணம் பூசும் ஆளாகச் சேர்ந்தபோது. கலைத்துறை என்பது ஒரு தனி நிர்வாகம் என்று அங்கேதான் பார்த்தார். வரைபடம் போடுகிறவர் வேறு, மரவேலை மேற்பார்வை வேறு, அறையை நிரப்புகிறவர் வேறு, நடிகர் கையில் தொடும் பொருளுக்குப் பொறுப்பானவர் வேறு. இவர்கள் எல்லாருக்கும் மேலே ஒருவர். கதையைப் படித்து, இயக்குநரோடும் ஒளிப்பதிவாளரோடும் உட்கார்ந்து, இந்தப் படத்தின் உலகம் எப்படி இருக்கும் என்று முடிவு எடுப்பவர் அவர்தான். தயாரிப்பு வடிவமைப்பாளர் என்ற பட்டம் அவருக்கு உரியது. 1939இல் 'கான் வித் த விண்ட்' படத்துக்காக வில்லியம் கேமரன் மென்ஸீஸுக்குக் கொடுக்கப்பட்டபோதுதான் அந்தப் பட்டமே புழக்கத்துக்கு வந்தது. ஆஸ்கார் விருதின் பெயரைக் 'கலை இயக்கம்' என்பதிலிருந்து 'தயாரிப்பு வடிவமைப்பு' என்று மாற்ற 2012 ஆனது.

நம் ஆட்களுக்குப் புரியும்படி சொன்னால், 1987இல் வந்த 'நாயகன்' படத்துக்குத் தோட்டா தரணி மும்பையின் தாராவியைச் சென்னையில் செட்டாகப் போட்டார், தேசிய விருதும் கிடைத்தது. படம் பார்த்த பெரும்பாலானவர்கள் அதை செட் என்று நினைக்கவே இல்லை. அக்காவுக்கு அந்தப் படம் ஒரு பாடப் புத்தகம். நிறுத்தி நிறுத்திப் பார்த்ததாகச் சொல்வார்.

1967ஆம் வருடத்தைக் கட்டுவது

நம் படத்தின் கதை 1967இல், பேராக்கில் ஒரு ரப்பர் தோட்டத்தில் நடக்கிறது. தோட்டம் துண்டாடப்பட்டு விற்கப்படப் போகிறது என்ற பயத்தில் இருக்கும் ஒரு குடும்பம். தொழிலாளர்களே பணம் சேர்த்துத் தோட்டங்களை வாங்குவதற்காகத் துன் சம்பந்தன் 1960இல் தொடங்கிய தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்துக்கு அந்த வீட்டு அம்மா மாதம் 10 வெள்ளி (டாலர்) கட்டுகிறார். கணவருக்கு அதில் நம்பிக்கை இல்லை. கதையின் சண்டை அதுதான்.

அக்கா முதலில் செய்தது, கதையை மூன்று முறை படித்து ஒரு பள்ளி நோட்டில் பிரித்து எழுதியது. எந்தக் காட்சி, எந்த மாதம், என்ன நேரம், கையில் என்ன, சுவரில் என்ன. அந்த நோட்டிலிருந்துதான் பிரச்சினைகள் கிளம்பின. உதாரணத்துக்குச் சம்பள நாள் இரண்டு முறை வருகிறது, ஒன்று ஏப்ரலில், ஒன்று ஆகஸ்டில். மலேசியாவின் சொந்தப் பணத்தாள் வெளியானது 1967 ஜூன் 12ஆம் தேதி. ஏப்ரல் காட்சியில் கைக்கு வரவேண்டியது அதற்கு முந்தைய தாள், 10 வெள்ளியில் எருமை பூட்டி உழும் படம் போட்டது. ஆகஸ்டில் துவாங்கு அப்துல் ரஹ்மான் முகம் போட்ட புதுத் தாள் வந்துவிட்டது. எழுதியவர் இதை யோசித்திருக்கவில்லை. அக்கா சொன்னதும் இயக்குநர் அந்த ஆகஸ்டு காட்சியில் ஒரு அசைவைச் சேர்த்தார்: அம்மா புதுத் தாளைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார். வசனம் இல்லை. கிட்டத்துக் காட்சிக்கு வேண்டிய அசல் பழைய தாள்களை நாணயம் சேர்க்கும் ஒருவரிடம் வாடகைக்கு வாங்கினோம்.

இன்னொரு பிரச்சினை என் தலையில் விழுந்தது. அடுப்படித் தடுப்பின் பலகை இடுக்குகளில் பழைய தமிழ் நாளிதழ் ஒட்டியிருக்க வேண்டும். நான் கணினியில் பக்கம் அமைத்து, கதைக்கு ஏற்ற செய்தி எழுதி, அச்சடித்து, டீயில் நனைத்துக் காயவைத்துக் கொண்டுபோய்க் காட்டினேன். எனக்கு அது பெருமையாகவே இருந்தது. அக்கா ஒரே பார்வையில் தள்ளிவிட்டார். "'லை' பாருங்க. தும்பிக்கை எங்க?"

1978இல் தமிழ்நாட்டு அரசு ஆணை போட்டு 13 எழுத்துகளின் வடிவத்தை மாற்றியது. ணா, றா, னா போன்றவை கால் சேர்ந்த பழைய வடிவத்தை விட்டன. ணை, லை, ளை, னை ஆகிய நான்கும் யானைத் தும்பிக்கை போன்ற கொம்பை விட்டன. மலேசியா அதை இன்னும் பிந்தித்தான் எடுத்துக்கொண்டது. 1967இல் ஒட்டிய நாளிதழில் புது வடிவம் இருக்க வழியே இல்லை. சைன்போர்டு கடையில் பழைய எழுத்தைக் கையால் எழுதியவர் அவர். அன்று ராத்திரி நாங்கள் இருவரும் உட்கார்ந்து, தலைப்பு எழுத்துகளை அவர் மையால் வரைய, நான் வருடி, அச்சில் பொருத்தினோம். சின்ன எழுத்துக்குப் பழைய வடிவம் கொண்ட ஓர் எழுத்துரு கிடைத்தது. கடைப் பலகைகளுக்கும் இதே கவனம் வேண்டியிருந்தது. மலாய் எழுத்துக்கூட்டல் 1972இல் மாறியது, 'ச' ஒலிக்கு அதுவரை இரண்டு ரோமன் எழுத்து போட்டுக்கொண்டிருந்தார்கள், அதன் பிறகு ஒன்று. பஜார் தெருக் காட்சிக்கு எழுதிய பலகைகளில் ஏழைத் திரும்ப எழுதினோம்.

திரையில் அந்த நாளிதழ் இரண்டு நொடி, அதுவும் மங்கலாகத் தெரிகிறது. யாருக்குத் தெரியும் என்று கேட்கலாம். படிக்கத் தெரிந்த ஒரு தாத்தாவுக்குத் தெரியும். அந்தத் தாத்தாவுக்காகத்தானே இந்தப் படம்.

அழுக்கு எது, பழசு எது

இப்போது சுவருக்கு வருகிறேன், ஏனென்றால் இந்த ஆய்வின் மையம் அதுதான்.

பெயிண்டர்கள் கெட்டிக்காரர்கள். அவர்கள் செய்தது, படங்களில் ஏழை வீட்டுக்கு எல்லாரும் செய்வது. ஏழை வீடு என்றால் பழுப்பாக இருக்கும், மூலையெல்லாம் அழுக்கு அப்பியிருக்கும். அக்கா அதை ஏற்கவில்லை. "ஏழைன்னா அழுக்குன்னு யாரு சொன்னது? எங்க லயத்துல தீபாவளிக்கு முந்தி எல்லாரும் சுண்ணாம்பு அடிப்பாங்க. வருசா வருசம். வாசல் கூட்டி, சாணி தெளிச்சு, கோலம் போட்டுட்டுத்தான் எங்கம்மா பெரட்டுக்குப் போவாங்க, விடியறதுக்கு முந்தி."

அப்படியானால் பழைய லயச் சுவர் எப்படி இருக்கும்? யோசித்துப் பாருங்கள். இருபது வருடம், இருபது பூச்சு. சுவர் வெள்ளையாகத்தான் இருக்கும், ஆனால் கனமாக இருக்கும். பலகையின் விளிம்புகள் கூர்மை போய் உருண்டிருக்கும். ஆணித் தலைகள் சுண்ணாம்பில் மூழ்கியிருக்கும். ஈரம் ஏறும் இடத்தில் அப்பளம் போல ஏடு ஏடாக உரியும். உரிந்த இடத்தில் தெரிவது அழுக்கு அல்ல, போன வருடத்து வெள்ளை, அதற்கு முந்தைய வருடத்து வெள்ளை. அழுக்கு இருக்கும், ஆனால் ஆள் தொட்ட இடத்தில் மட்டும். வாசற்படியில் உட்கார்ந்து சாய்ந்தால் தலை எங்கே படும்? நிலைப்படியைப் பிடித்து ஏறும்போது கை எங்கே படும்? பால் வெட்டிய கை அது. புதுப்பால் வெள்ளையாக இருக்கும், காய்ந்து நாளானால் பழுத்துக் கறுத்துவிடும். எனவே நிலைப்படியில், அம்மாவின் தோள் உயரத்தில், ஒரு கறுத்த பளபளப்பு இருக்க வேண்டும். வேறெங்கும் வேண்டாம்.

அப்புறம் உளி. பால் வெட்டும் உளி சவரக் கத்திக்கு ஒப்பான கூர் கொண்டது, வீட்டில் சின்னப் பிள்ளைகள் இருப்பார்கள். அக்காவின் அம்மா வேலை முடிந்து வந்ததும் கதவுக்கு மேலே, உத்தரத்துக்கும் சுவருக்கும் இடையிலான சந்தில் செருகிவிடுவாராம். அந்தச் சந்தின் கீழே, உளியின் முனை உரசி உரசி, விரல் நீளத்துக்கு மரம் குழிந்திருக்கும். அக்கா ஸ்டூல் போட்டு ஏறி, நடிகையின் உயரத்தை அளந்து, அந்தக் குழியைத் தானே அரத்தால் தேய்த்துச் செய்தார். அரை மணி நேரம்.

வேலை தொடங்கியது. சுண்ணாம்பு ஈப்போ பக்கம் சுலபமாகக் கிடைக்கும், சுற்றிலும் சுண்ணாம்புக் குன்றுகள்தானே. சுட்ட கல்லைத் தண்ணீரில் போட்டால் கொதித்து நீறும். அதை ஊறவிட்டு, உப்பும் சோற்றுக் கஞ்சியும் சேர்த்துக் கலக்கினால் பலகையில் ஒட்டும். விளிம்புகளுக்கும் மூலைகளுக்கும் முதலில் சுண்ணாம்புக் குழைவை விரலால் அப்பினோம். அதன் மேல் ஆறு பூச்சு. பேராக் மழை மத்தியானம் தவறாமல் வந்ததால், பூச்சுக்குப் பூச்சு காய விட்டு முடிக்க எட்டு நாள்.

எட்டு நாள் கூலி எங்கிருந்து வரும்? தயாரிப்பு நிர்வாகி கேட்டது நியாயமான கேள்விதான். அக்கா அடுத்த நாள் காலை ஒரு தாளோடு போனார். துரை பங்களாவின் உள்ளறை செட்டை அடியோடு எடுத்துவிடலாம் என்றார். கதையில் அம்மா இரண்டு தடவை பங்களாவுக்குப் போகிறார். தோட்டத்து வேலையாள் பங்களாவுக்குள் எப்போது போயிருக்கிறார்? பின்வாசல் படியில் நிற்பார், கிராணி (தோட்டத்து எழுத்தர்) உள்ளே போய்ச் சொல்லிவிட்டு வருவார். எனவே படியும், பளபளக்கும் தரையில் ஒரு துண்டும், உள்ளே சுழலும் மின்விசிறியின் நிழலும் போதும். பணம் மிஞ்சியது, காட்சியும் கூர்மையானது. வடிவமைப்பாளரின் வேலை கட்டுவது மட்டுமல்ல, எதைக் கட்ட வேண்டாம் என்று சொல்வதும்தான் என்பதை நான் அன்றைக்குக் கண்ணால் பார்த்தேன்.

ஒளிப்பதிவாளர் வெள்ளைச் சுவரைப் பார்த்ததும் பதறிவிட்டார். அவர் சொன்னதும் சரிதான். நம் நடிகர்கள் கறுப்பு, மாநிறம். முகம் தெரிய ஒளியைத் திறந்தால் வெள்ளைச் சுவர் எரிந்துபோய் விவரமே இல்லாமல் ஆகும். சுவரைக் காப்பாற்றினால் முகம் இருட்டாகும். பல படங்களில் சுவரைப் பழுப்பாக்குவதற்கு இதுவும் ஒரு காரணம். அக்கா ஐந்து பலகைகளில் ஐந்து விதமாகச் சுண்ணாம்பு பூசிவந்தார். துணிக்குப் போடும் நீலம், கொஞ்சம் அடுப்புச் சாம்பல், ஒவ்வொன்றிலும் ஒரு அளவு. நீலம் கலந்து அடிப்பது லயங்களில் இருந்த வழக்கம்தான், அதனால் பொய்யும் இல்லை. நடிகையை ஒவ்வொரு பலகைக்கும் முன்னால் நிறுத்திக் கேமராவில் பார்த்தார்கள். மூன்றாவது பலகை. கண்ணுக்கு அது வெள்ளையாகவே படவேண்டும் என்றால், அதைவிட வெள்ளையான எதுவும் பக்கத்தில் இருக்கக்கூடாது. எனவே வேட்டி, தலைத்துண்டு, தலையணை உறை, ரசீதுத் தாள் எல்லாவற்றையும் டீயில் நனைத்தோம்.

இலை கொட்டிய மாதம்

கால அட்டவணையில் படப்பிடிப்பு டிசம்பரில் தொடங்கி ஜனவரியில் முடிய வேண்டும். அக்கா முதல் கூட்டத்திலேயே எச்சரித்திருந்தார்: பிப்ரவரி, மார்ச்சில் பால்மரம் இலை உதிர்க்கும், அதற்குள் காட்டுக் காட்சிகளை எடுத்துவிட வேண்டும். தயாரிப்பு நிறுவனத்தில் பணம் வர தாமதமாகி, இரண்டாம் கட்டம் பிப்ரவரி கடைசிக்குத் தள்ளிப்போனது. நாங்கள் திரும்பி வந்தபோது காடே மொட்டை. டிசம்பரில் பச்சை இருட்டாக இருந்த நிரைகளில் வெயில் நேராக இறங்கிக்கொண்டிருந்தது. தரை முழுக்கச் செம்பழுப்பு இலை, மிதித்தால் நொறுங்கும் சத்தம் வேறு. ஒலிப்பதிவாளரும் தலையில் கை வைத்துக்கொண்டார்.

சிலர் மரங்களுக்குச் செயற்கை இலை கட்டலாம் என்றார்கள். அக்கா நிரைக்குள் தனியாக நடந்து போய், ஒரு மணி நேரம் கழித்து வந்தார். இயக்குநரிடம் நோட்டைத் திறந்து காட்டினார். இலை உதிரும் காலத்தில் பால் குறையும். மங்கு (பால் பிடிக்கும் கிண்ணம்) பாதிகூட நிறையாது. பால் குறைந்தால் சம்பளம் குறையும். கதையில் அம்மா 10 வெள்ளி கட்ட முடியாமல் தவிக்கும் பகுதி ஏன் ஆகஸ்டில் இருக்க வேண்டும்? அடுத்த வருடம் பிப்ரவரிக்குத் தள்ளினால், ஏன் பணம் இல்லை என்பதை மரமே சொல்லிவிடும்.

அன்று ராத்திரியே எழுத்தாளர் மாற்றி எழுதினார். புதுப் பணத்தாளைத் திருப்பிப் பார்க்கும் காட்சி மட்டும் ஆகஸ்டில் நின்றது, அதை வீட்டுக்குள் எடுத்தோம். மொட்டைக் காட்டில், அடிமரத்துப் பட்டையில் கோடு போட்டுவிட்டு, ஒரு சொட்டு இறங்குவதற்காக அம்மா காத்திருக்கும் காட்சிதான் படத்தில் எனக்கு மிகவும் பிடித்தது. கார்பைட் விளக்கை நெற்றியில் கட்டி, இடுப்பில் ஒட்டுப்பால் (மரத்தில் ஒட்டிக் காய்ந்த பால்) பையோடு அவர் நிற்கிறார். பின்னால் இலையில்லாத மரங்கள் கோடு கோடாக, கண் எட்டும் மட்டும்.

மூன்றடி

துணை நடிகர்களாக டவுனுக்குப் பக்கத்துத் தாமான்களிலிருந்து (குடியிருப்புகளிலிருந்து) பழைய தோட்டத்து ஆட்களை அழைத்திருந்தோம். அதில் ஒரு பாட்டி, எழுபதைத் தாண்டியவர், இளமையில் பால் வெட்டியவர். படப்பிடிப்பின் முதல் நாள் காலை, யாரும் சொல்லாமலே லயத்துக்குள் ஏறிப் போனார். நிலைப்படியைப் பிடித்தார், கறுப்பு வைத்திருந்த அதே இடத்தில். உள்ளே நுழைந்ததும் திரும்பி, கதவுக்கு மேலே கை நீட்டி, சந்தைத் தடவினார். உளி அங்கே இருந்தது. எடுத்துப் பார்த்துவிட்டுத் திரும்பச் செருகினார். அக்கா வெளியே என் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். எதுவும் பேசவில்லை, என் தோளை மட்டும் அழுத்திப் பிடித்தார்.

பாட்டி அடுப்படிக்குப் போனார். அங்கிருந்து குரல் வந்தது. "ஏம்மா, அடுப்படி இவ்வளவு பெருசா? நாங்க ரெண்டு பேரு நின்னா ஒருத்தர் முதுகு ஒருத்தருக்கு இடிக்குமே."

அது உண்மை. அக்கா முதலில் வரைந்த அடுப்படி 8 அடி அகலம், அவர் பிறந்த வீட்டின் அளவு. கேமராவும் விளக்கும் ஆளும் நுழைய இடம் வேண்டும் என்று 11 அடி ஆக்கச் சொன்னார்கள். ஒரு பக்கச் சுவரைக் கழற்றி மாட்டும்படி செய்து, 8 அடியிலேயே எடுக்கலாம் என்று அவர் சொல்லிப் பார்த்தார். அதற்குத் தச்சருக்கு இன்னும் இரண்டு நாள் வேண்டும். சுவருக்கே எட்டு நாள் கேட்டு வாங்கியிருந்ததால், இதற்கு மேல் கேட்க அவருக்கு வாய் வரவில்லை. விட்டுக்கொடுத்தார். படத்தில் கணவனும் மனைவியும் அந்த அடுப்படியில்தான் 10 வெள்ளிக்காகச் சண்டை போடுகிறார்கள். இருவருக்கும் நடுவே தாராளமாக இடம் இருக்கிறது. ஒருவர் மேல் ஒருவர் இடித்துக்கொண்டு, நகரவும் முடியாமல் நடந்திருக்க வேண்டிய சண்டை அது.

படம் வெளியாகி, அவர் பெயர் முதல் முறையாகத் 'தயாரிப்பு வடிவமைப்பு' என்று தனியாக ஒரு தட்டில் வந்தது. அன்று இரவு ஈப்போ தியேட்டர் வாசலில் அவரிடம் வாழ்த்துச் சொன்னேன். நன்றி சொல்லிவிட்டு உடனே அடுப்படியைப் பற்றித்தான் பேசினார். இப்போது அவர் போடும் ஒவ்வொரு ஒப்பந்தத்திலும் கழற்றி மாட்டும் சுவருக்கு முதலிலேயே இரண்டு நாள் தச்சு வேலை எழுதி வைக்கிறார்.